நொர இனு

அகிரா குரோசவா 1949-இல் எடுத்த படத்தின் பெயரை ஒருமுறை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள், சொல்லன்பர்களே: நொர இனு. நான்கும் குறில், வல்லினம் ஒன்றுகூட இல்லை. கொலையும் துப்பாக்கியும் நிறைந்த கதைக்கு இத்தனை மெல்லிய பெயர்!

நாம் தெருநாய் என்கிறோம். சப்பானியரோ அதையே நொர இனு, அதாவது வயல்நாய் என்கிறார்கள். ‘நொ’ என்பது வெளி, வயற்புறம். ‘ர’ அதன்மேல் ஒட்டிய ஈறு. அந்த ஈற்றுக்கு அவர்கள் இரவல் வாங்கிய சீன எழுத்துக்கு ‘நல்ல’ என்று பொருள், ஆனால் இங்கே பொருளை விட்டுவிட்டு ஒலியை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். உழவர் அணியும் உடை ‘நொரகி’. உழைப்பின் வாடை வீசும் அதே ‘நொர’, ‘நொர முசுகொ’ என்னும்போது சோம்பித் திரியும் ஊதாரி மகனைச் சுட்டுகிறது.

‘இனு’ நாய்தான், ஆயினும் வழக்கில் உளவாளிக்கும் அதுவே பெயர். ஆகவே தலைப்பு, பேருந்தில் துப்பாக்கியைப் பறிகொடுத்த காவலர் முரகாமியையும் தொடுகிறது, அதைக் கொண்டு கொள்ளையடிக்கும் யூசாவையும் தொடுகிறது. இருவரும் போரிலிருந்து திரும்பியவர்கள், இருவரின் பையும் வழியில் களவு போயிருந்தது. கந்தலான படைவீரர் உடையில் முரகாமி தோக்கியோவின் கள்ளச்சந்தையில் பேச்சின்றி அலையும் அந்த நெடிய பகுதியில், நெரிசல் கூடக்கூட அவருடைய தனிமையும் கூடுகிறது. நகரத் தனிமையைக் காட்டிய திரைக்காட்சிகளில் இதற்கு இணையாக நான் எதையும் வைக்கமாட்டேன்.

யூசா கொலை செய்தபின் மூத்த காவலர் சாத்தோ, தெருநாய் வெறிநாய் ஆகிவிட்டது என்கிறார். வெறிநாய்க்கு அவர்கள் சொல் ‘கியோக்கென்’: சீனத்திலிருந்து வந்த, வல்லினம் முட்டும் ஒலி. தாய்மொழிச் சொல்லின் மென்மை அங்கே முறிந்துபோகிறது.

இன்னொரு சொல்லும் உண்டு: ‘நொஇனு’. ஈறு இல்லாத இப்பெயர், மனிதரை அறவே விட்டகன்று காட்டில் வாழும் நாய்க்கு உரியது. சப்பானிய வேட்டைச் சட்டம் அதை வேட்டை விலங்குகளின் பட்டியலில் வைத்திருக்கிறது. நொர இனுவுக்கு அப்பட்டியலில் இடமில்லை, ஏனெனில் அது யாருக்கும் சொந்தமில்லாமல் ஊரையே சுற்றிவருவது. யூசாவும் காட்டுக்கு ஓடியவன் அல்லன். தான் நேசித்த ஹருமி என்னும் பெண் கடைச் சாளரத்தில் ஆசையோடு பார்த்த உடையை அவளுக்குக் கொடுப்பதற்காகவே அவன் குற்றத்தில் இறங்கினான்.