நச்செழுத்தும் மல்லை வேந்தனும்

புலவன் ஒருவன் ஓர் எழுத்தை வைக்கத் தகாத இடத்தில் வைத்துவிட்டால் பாட்டுடைத் தலைவனின் செல்வம் குன்றும், சுற்றம் கெடும், உயிரே போயினும் போகும் என்று நம் முன்னோர் நம்பினார்கள். அதனை வெறும் நம்பிக்கையாக விட்டுவிடாமல் இலக்கணமாகவே வகுத்துச் சூத்திரமும் செய்து வைத்தார்கள். பாட்டியல் என்பது அந்த இலக்கணத்தின் பெயர். பன்னிரு பாட்டியல், வெண்பாப் பாட்டியல், நவநீதப் பாட்டியல், சிதம்பரப் பாட்டியல் எனப் பல நூல்கள் இத்துறையில் தோன்றின. மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம் என்னும் பத்துப் பொருத்தங்களையும் பார்த்த பிறகே பிரபந்தத்தின் முதற் சீரில் கை வைக்க வேண்டும் என்பது அவற்றின் விதி.

அவற்றுள் உண்டிப் பொருத்தம் எழுத்துகளை அமுதம் என்றும் நஞ்சு என்றும் பிரிக்கிறது. யா, யோ, ரா, ரோ, லா, லோ போன்றவை நச்செழுத்துகள். அவை முதலில் வந்தால் தலைவனுக்கு ஆகாது. தானப் பொருத்தமோ இதனினும் நுட்பமானது. தலைவன் பெயர் நந்தி என்று வைத்துக்கொள்வோம். அப்பெயரின் முதலெழுத்தில் நிற்கும் உயிர் அகரம். ஆதலால் அவனுக்கு அகர ஆகாரங்கள் பாலப் பருவம். இகர ஈகார ஐகாரங்கள் குமரப் பருவம். உகர ஊகார ஔகாரங்கள் அரச பருவம். எகர ஏகாரங்கள் மூப்பு. ஒகர ஓகாரங்கள் மரணம். மூப்பிலும் மரணத்திலும் பாட்டைத் தொடங்கலாகாது. சோதிடன் கிரகங்களை வைத்துச் செய்த காரியத்தை இலக்கணி உயிரெழுத்துகளை வைத்துச் செய்திருக்கிறான்.

நந்தி என்ற பெயரை வேண்டுமென்றேதான் எடுத்துக்கொண்டேன். ஒன்பதாம் நூற்றாண்டின் நடுவில் காஞ்சியில் இருந்து ஆண்ட பல்லவ வேந்தன் மூன்றாம் நந்திவர்மன், தெள்ளாற்றுப் போரில் வென்றதனால் தெள்ளாறெறிந்தவன் எனப் பெயர் பெற்றவன். நந்திக் கலம்பகம் அவனை மல்லை என்னும் மாமல்லபுரத்துக்கும் மயிலைக்கும் தலைவனாகப் பாடுகிறது. அந்நூலே அவன் உயிரைக் குடித்தது என்பது ஐதீகம். அரசுரிமை கருதிப் பகை கொண்ட தம்பியர் அறம் வைத்து, அதாவது உயிரைக் கொல்லும் நச்சுச் சொற்களைப் பொதிந்து, பாடுவித்தனர் என்றும், கேட்டால் உயிர் நில்லாது என்று தெரிந்திருந்தும் தமிழின்மீது கொண்ட ஆசையால் அரசன் அரண்மனை முதல் சுடுகாடு வரை நூறு பந்தல்கள் அமைக்கச் செய்து, பந்தலுக்கு ஒரு பாட்டாகக் கேட்டுக்கொண்டே சென்றான் என்றும், அவன் எழுந்து செல்லச் செல்லப் பந்தல்கள் ஒவ்வொன்றாக எரிந்தன என்றும், இறுதிப் பாட்டைச் சிதையின் மேல் அமர்ந்து கேட்டு வெந்து நீறானான் என்றும் கதை சொல்கிறது.

இனி அந்த மல்லைக் கடற்கரைக்கு வருவோம். சொல் விளையாட்டைப் பல்லவர் பாட்டியலிலிருந்து கற்கவில்லை. அந்நூல்கள் தோன்றுவதற்குப் பல தலைமுறைகளுக்கு முன்பே அதனைக் கல்லில் வெட்டியிருந்தார்கள். பல்லவ வேந்தன் மகேந்திரவர்மனுக்கு விசித்திரசித்தன், மத்தவிலாசன், குணபரன் என்று விருதுப் பெயர்கள் பல. செங்கற்பட்டை அடுத்த வல்லத்துக் குடைவரையில் அவனுடைய அடியான் ஒருவனின் மகன் வெட்டுவித்த தமிழ்ச் சாசனத்திலும் அவற்றுட் சில இடம் பெற்றுள்ளன. மாமல்லபுரத்தில் கணேச ரதத்திலும் தருமராச மண்டபத்திலும் ஒரே வடமொழிச் சுலோகத் தொகுதி இருமுறை பொறிக்கப்பட்டிருக்கிறது. சிவனைத் துதிக்கும் அச்சுலோகங்களிற் பல அரசனுக்கும் பொருந்துமாறு சிலேடையாக அமைந்தவை. அத்யந்தகாமன் என்ற விருதுப் பெயர் தாங்கிய வேந்தன் எடுப்பித்த அக்கோயில்கள் அவன் பெயராலேயே அத்யந்தகாமப் பல்லவேசுவரகிருகம் என வழங்கின. தொழுகிறவன் தெய்வத்தைத் தொழுகிறானா, வேந்தனைத் தொழுகிறானா என்று பிரித்துச் சொல்ல முடியாதபடி சொற்கள் கோக்கப்பட்டுள்ளன. எழுத்து அரசனைக் கொல்லும் என்று பிற்காலத்தார் அஞ்சினார்கள். இங்கே எழுத்து அரசனைத் தெய்வமாக்குகிறது. சாசனத்தின் முடிவில், உருத்திரன் குடிகொள்ளாத நெஞ்சினர்மீது ஒரு சாபமும் இருக்கிறது என்பதைக் கவனிக்க வேண்டும். சாபத்தை இலக்கியத்தோடு சேர்த்துக் கல்லில் வெட்டும் பழக்கம் இந்தக் கரைக்குப் புதிதன்று.

அர்ச்சுனன் தபசு என்று ஊராரும் கங்கை இறங்கிய காட்சி என்று வேறு சிலரும் கூறும் பெரும் பாறைச் சிற்பமும் இத்தகைய சிலேடையே என்று கருதும் அறிஞர்கள் உண்டு. எனக்கும் அதுவே சரியெனப் படுகிறது. இரண்டில் ஒன்றைத் தேர்ந்தே தீரவேண்டும் என்று வாதிடுவோர், யமகமும் சித்திரகவியும் சிலேடையும் பயின்ற பல்லவ அவையை மறந்து பேசுகிறார்கள். காவியாதரிசம் எழுதிய தண்டி அந்த அவையைச் சேர்ந்தவர். அவருடைய அவந்திசுந்தரி, அவர் மாமல்லபுரத்துக்குச் சென்று, பள்ளிகொண்ட திருமாலின் முறிந்த கையை லலிதாலயன் என்ற ஸ்தபதி தடம் தெரியாமல் பொருத்தியிருந்ததைக் கண்டதாகக் கூறுகிறது.

மீண்டும் நந்தியிடம் வருவோம். கதை எங்கிருந்து முளைத்தது? கலம்பகத்தோடு சேர்ந்து கிடைக்கும் மிகைப் பாடல்களில் அரசனின் மரணத்துக்கு இரங்கும் கையறுநிலைப் பாட்டு ஒன்று உண்டு. வாழ்த்த வேண்டிய நூலின் வாலில் இரங்கற்பாவைக் கண்ட பிற்காலத்தார், பாட்டே மரணத்துக்குக் காரணமென்று முடிவு கட்டியிருக்கலாம். தம்பியர் பகை என்ற செய்தியும் அடியோடு கற்பனையாகாது; நந்திக்குப் பின் ஆண்ட நிருபதுங்கன் காலத்தில் அவன் குலத்தவனான அபராசிதனும் அரசுரிமைக்கு எழுந்தான்; அந்நூற்றாண்டின் முடிவுக்குள் அபராசிதனை ஆதித்த சோழன் வென்று தொண்டை நாட்டைத் தனதாக்கிக் கொண்டான். குடும்பக் கலகத்தால் அழிந்த ஒரு வமிசத்தின் நினைவு, கேட்டார் நெஞ்சில் தங்கும் வகையில், பாட்டும் பந்தலுமாகத் திரண்டிருக்கிறது.

இந்த நம்பிக்கையிலும் கதையிலும் செங்கற்பட்டுச் சீமைக்குத் தனிப் பங்கு உண்டு. வெண்பாப் பாட்டியலைச் செய்த குணவீர பண்டிதர் களந்தையைச் சேர்ந்த சமணர். அக்களந்தை செங்கற்பட்டுக்கு அருகிலுள்ள பொன்விளைந்த களத்தூரே என்று கொள்வார் உண்டு. தொண்டைமண்டல சதகம் பாடிய படிக்காசுப் புலவரும் களந்தையர். அச்சதகம் கலம்பகங் கேட்டு உடலை விட்ட நந்தியைத் தொண்டை நாட்டின் பெருமைகளுள் ஒன்றாகவே வைத்துப் பாடுகிறது. கொலைக் கதை அங்கே ரசிகனின் கதையாகிவிடுகிறது. பதினெட்டாம் நூற்றாண்டில் காஞ்சியில் வாழ்ந்த சிவஞான முனிவரோ தம் சோமேசர் முதுமொழி வெண்பாவில் அக்கதையை நாடறிந்த செய்தியாக எடுத்தாளுகிறார்.

இவ்வளவு காலம் இந்த ஐதீகம் செழித்ததற்குக் காரணம் புலவர்களின் வாழ்க்கை நிலையே என்று நினைக்கிறேன். கையிலே ஏடும் வாயிலே பாட்டும் தவிர வேறு உடைமை இல்லாதவன், பரிசில் நீட்டித்த வள்ளலை என்ன செய்ய முடியும்? அறம் பாடுவேன் என்று சொல்ல முடியும். சிலேடையில் இணையற்ற காளமேகம் வசை பாடித் திருமலைராயன்பட்டினத்தை மண்மாரியால் மூடச் செய்தார் என்ற கதையை ஒருமுறை கேட்ட செல்வன், அடுத்த புலவனை வாசலில் காக்க வைக்கத் தயங்கியிருப்பான். நச்செழுத்துச் சாஸ்திரம் வள்ளலைக் காப்பதற்காக எழுந்தது போலத் தோன்றினாலும், உண்மையில் அது புலவனுக்கே காப்பாக இருந்தது. நூல் வாங்குவோரை நம்பி எழுத்தாளன் பிழைக்கும் காலம் வந்ததும், பொருத்தம் பார்க்கும் வழக்கம் தானாகவே தளர்ந்தது.

கதையின் புகழே கலம்பகத்துக்குத் தீங்காயிற்று என்பது என் குறை. அறம் வைத்த நூல் என்ற செய்தியை அறிந்தவர்களில் பத்தில் ஒருவரேனும் அதனைப் படித்திருப்பார்களா என்பது ஐயமே. ஒன்பதாம் நூற்றாண்டுத் தமிழின் இனிமையும் தெள்ளாற்றுப் போரின் செய்திகளும் மல்லை மயிலைத் துறைகளின் பெருமையும் அதிலே அடங்கியிருக்கின்றன. அச்சில் எளிதாகவும் கிடைக்கிறது. அன்பர்கள் அஞ்சாமல் வாங்கிப் படிக்கலாம்.