நானோரோபாட்டிக்கலி

வினையடை. பொருள்: மீநுண் எந்திரன்களைக் கொண்டு, அவற்றின் வழியே.

'நானோ' என்பது குள்ளனைக் குறிக்கும் 'நானோஸ்' என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது; அளவியலில் நூறு கோடியில் ஒரு பங்கு. 'ரோபாட்' செக் மொழியில் கட்டாய உழைப்பைக் குறிக்கும் 'ரொபொட்டா'வின் வழி பிறந்தது. காரெல் சாப்பெக் 1920இல் எழுதிய நாடகம் அதை உலகறியச் செய்தது. அந்தப் பெயரை எடுத்துக்கொடுத்தவர் அவருடைய அண்ணன் யோசெஃப்.

ஆக, 'குள்ள அடிமையைக் கொண்டு' என்பதே வேர்ப்பொருள்.

ஆங்கிலத்தில் 'லி' என்னும் ஈறு செய்யும் வேலையைத் தமிழில் 'ஆக', 'ஆல்', 'வழியே' போன்றவை செய்துவிடும். 'மருந்தை மீநுண் எந்திரன்கள் வழியே புற்றுக்கட்டியில் சேர்த்தல்' என்று எழுதலாம். 'மீநுண்ணெந்திரவியல்ரீதியாக' என்று இழுப்பது வீண். சிறிய பொருளுக்கு அவ்வளவு நீளச் சொல் எதற்கு?