காமிராவுக்கு முன் நிற்கும் குழந்தை: தணிக்கையும் பாதுகாப்பும்

இந்தியத் திரைப்படத் தணிக்கைக்கு நூறு வயது கடந்துவிட்டது. 1918 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1920 இல் சென்னை, பம்பாய், கல்கத்தா, ரங்கூன் ஆகிய நகரங்களில் தணிக்கை வாரியங்கள் அமைந்தன. அன்று முதல் தணிக்கைக்குச் சொல்லப்பட்டுவரும் நியாயங்களில் குழந்தையின் பெயர் இடம்பெறாத காலமில்லை. ஆனால் அது கொட்டகையில் உட்கார்ந்து படம் பார்க்கும் குழந்தை. படத்தில் நடிக்கும் குழந்தையைச் சட்டம் திரும்பிப் பார்க்க ஏறக்குறைய ஒரு நூற்றாண்டு பிடித்தது. அப்போதும் பார்த்தது தணிக்கைச் சட்டம் அல்ல, தொழிலாளர் சட்டம்.

சென்னை வழக்கறிஞர் டி. ரங்காச்சாரியார் தலைமையில் 1927-28 இல் இயங்கிய இந்தியச் சினிமா விசாரணைக் குழு, இளம் மனங்களில் படங்கள் உண்டாக்கும் விளைவையும் ஆராய்ந்தது. 1949 இல் படங்கள் ‘யு’, ‘ஏ’ என இரண்டாகப் பிரிக்கப்பட்டன. திரைப்பட இயக்குநர் கே.ஏ. அப்பாஸ் தொடுத்த வழக்கில் 1970 இல் தீர்ப்பளித்த தலைமை நீதிபதி இதாயத்துல்லா, சிறுவர்கள் திரையில் காண்பதை எளிதில் மெய்யென்று ஏற்றுவிடுவார்கள் என்பதை முன் தணிக்கைக்கு ஆதரவான காரணங்களுள் ஒன்றாகக் கொண்டார். இந்த நெடிய வாதத்தில் 1937 இன் ‘பாலயோகினி’யால் புகழ்பெற்ற பேபி சரோஜா போன்ற சிறுமிகள் ஒரு நாளில் எத்தனை மணி நேரம் விளக்கொளியில் நின்றார்கள் என்ற கேள்விக்கு இடமே இருக்கவில்லை. தணிக்கையாளர் முன் வருவது முடிந்த படம். அந்தப் படம் எப்படி எடுக்கப்பட்டது என்பதைப் பிரதி சொல்வதில்லை.

இந்தக் குறை எவ்வளவு ஆழமானது என்பதை இரண்டு ஹாலிவுட் படங்கள் காட்டுகின்றன. 1931 இல் வந்த ‘ஸ்கிப்பி’ குடும்பத்தோடு பார்க்கத் தக்க படம். அதில் நடித்த ஜாக்கி கூப்பருக்கு அப்போது எட்டு வயது. இயக்குநர் நார்மன் டாரோக் அவருடைய தாயின் சகோதரியை மணந்தவர். ஒரு காட்சியில் சிறுவனுக்கு அழுகை வரவில்லை. அவன் ஆசையாக வளர்த்த நாயைச் சுட்டுவிடப் போவதாக மிரட்டினார்கள். மறைவில் துப்பாக்கிச் சத்தமும் கேட்டது. சிறுவன் கதறினான், காமிரா ஓடியது. டாரோகுக்குச் சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கர் கிடைத்தது. கூப்பரின் பெயரும் சிறந்த நடிகருக்கான பரிந்துரைப் பட்டியலில் இடம்பெற்றது. 1981 இல் எழுதிய தன்வரலாற்றுக்கு அவர் அந்த நாயின் நினைவாகவே தலைப்பிட்டார். அரை நூற்றாண்டு கழிந்தும் அந்த நாள் அவரை விடவில்லை.

மறுபக்கம் ஸ்டான்லி கூப்ரிக்கின் ‘தி ஷைனிங்’ (1980). பிரிட்டனில் வயது வந்தோருக்கு மட்டுமான சான்று பெற்ற திகில் படம் இது. அதன் மையப் பாத்திரத்தில் நடித்த சிறுவன் டேனி லாயிடுக்குத் தான் நடிப்பது திகில் படம் என்றே தெரியாது. சாதாரணக் குடும்பக் கதை என்று சொல்லி, பயங்கரமான பகுதிகளிலிருந்து அவனை விலக்கியே வைத்திருந்தார்கள். தாய் அவனைத் தூக்கிக்கொண்டு வீறிடும் காட்சியில் அவள் கையில் இருந்தது பொம்மை. தணிக்கையின் அளவுகோலில் முதல் படம் தூயது, இரண்டாவது ஆபத்தானது. நடித்த பிள்ளைகளின் பக்கம் நின்று பார்த்தால் தீர்ப்பு தலைகீழாகிறது. சான்றிதழுக்கும் குழந்தையின் நலனுக்கும் நேரடித் தொடர்பு இல்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குத் தெரிந்து வேறில்லை.

உண்மையான பாதுகாப்பு வேறு வாசல்கள் வழியாகத்தான் வந்தது. சாப்ளினின் ‘தி கிட்’ (1921) படத்தால் உலகப் புகழ் பெற்ற சிறுவன் ஜாக்கி கூகனின் சம்பாத்தியத்தைத் தாயும் மாற்றாந்தந்தையும் கரைத்துவிட்டனர். அவர் தொடுத்த வழக்கின் விளைவாக 1939 இல் கலிஃபோர்னியா அவர் பெயராலேயே ஒரு சட்டம் கொண்டுவந்தது. நியூயார்க் எதிர் ஃபெர்பர் வழக்கில் 1982 இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் இன்னும் ஆழமாகச் சென்றது. குழந்தைகளைப் பாலியல் முறையில் படம்பிடிப்பதைத் தடைசெய்ய, அந்தப் படம் ஆபாசமா என்று நிறுவத் தேவையில்லை என்றது. எடுக்கும்போதே குழந்தைக்குத் தீங்கு நேர்ந்துவிடுகிறது, பதிவு நிலைத்திருந்து அத்தீங்கை நீட்டிக்கிறது என்பது அதன் தர்க்கம். பார்வையாளரிடமிருந்து படப்பிடிப்புத் தளத்துக்குச் சட்டத்தின் கவனம் நகர்ந்த திருப்புமுனை இது.

இந்தியாவில் 1991 இன் தணிக்கை நெறிமுறைகள் குழந்தைகள் கொடுமைக்குள்ளாகும் காட்சிகளைக் கட்டுப்படுத்தின. அவையும் காட்சியைப் பற்றியவையே. 1986 இன் குழந்தைத் தொழிலாளர் சட்டம் தடைசெய்த தொழில்களின் பட்டியலில் சினிமா இல்லை. 2016 திருத்தம் பதினான்கு வயதுக்குட்பட்டோரை எல்லா வேலைகளிலிருந்தும் விலக்கிவிட்டு, குடும்பத் தொழிலுக்கும் கலைத்துறைக்கும் விதிவிலக்கு அளித்தது. அதற்கான நிபந்தனைகளை 2017 இன் விதிகள் வகுத்தன. நாளொன்றுக்கு ஐந்து மணி நேரம், ஓய்வின்றி மூன்று மணி நேரம், தொடர்ச்சியாக 27 நாள்கள் என்ற வரம்புகளுக்கு மேல் வேலை கூடாது. மாவட்ட ஆட்சியரின் அனுமதி பெற வேண்டும். ஐந்து பிள்ளைகளுக்கு ஒரு பொறுப்பாளர் இருக்க வேண்டும். வருமானத்தில் குறைந்தது 20 விழுக்காடு குழந்தையின் பெயரில் தேசியமயமான வங்கியில் வைப்புத்தொகையாகப் போட வேண்டும். விருப்பமில்லாத எதையும் குழந்தையைச் செய்ய வைக்கக் கூடாது. இந்தக் கடைசி விதி கூப்பரின் நாயை நினைவில் வைத்து எழுதியது போலிருக்கிறது.

விதிகள் நல்லவை. காவல்தான் பலவீனமானது. குழந்தை எவ்விதத் துன்புறுத்தலுக்கும் ஆளாகவில்லை என்ற அறிவிப்பைத் தயாரிப்பாளரே படத்தில் போட்டுக்கொள்ளலாம். விலங்குகள் நடித்திருந்தால் மட்டும் விலங்குகள் நல வாரியம் என்ற வெளி அமைப்பின் சான்று இருந்தால்தான் தணிக்கைக்குப் போக முடியும். பிரிட்டனிலோ 1937 லேயே விலங்குகளை வதைத்து எடுத்த காட்சிகளைத் திரையிடத் தடை வந்துவிட்டது. குதிரைக்குக் கேட்கும் காகிதத்தைக் குழந்தைக்கும் கேட்பதில் என்ன தடை? ஆட்சியரின் அனுமதி, வேலை நேரப் பதிவேடு, வங்கி வைப்பு ரசீது ஆகியவற்றைப் படத்தோடு சேர்த்துத் தணிக்கை வாரியம் பெற வேண்டும் என்பதே என் கருத்து. திரைப்படச் சட்டத்தின் 2023 திருத்தம் குழந்தைகளைப் பொறுத்தவரை ‘யுஏ’ பிரிவை 7, 13, 16 வயதுகளாகப் பகுத்ததோடு நின்றது. அதுவும் பார்க்கும் குழந்தைக்கானது.

இதற்கிடையில் படப்பிடிப்புத் தளமே வீட்டுக்குள் வந்துவிட்டது. பெற்றோர் யூடியூபுக்காகத் தம் பிள்ளையைப் படமெடுக்கும்போது தணிக்கை வாரியம் அந்தக் காட்சியைப் பார்ப்பதில்லை. தயாரிப்பாளரும் காப்பாளரும் ஒருவரே. குடும்பத் தொழிலுக்கான விதிவிலக்கைக் காட்டி நழுவிவிடவும் இடமிருக்கிறது. பிரான்ஸ் 2020 இல் இத்தகைய பிள்ளைகளின் வருமானத்தைப் பாதுகாக்கவும், தங்கள் காணொளிகளை நீக்கக் கோரும் உரிமையை அவர்களுக்கு அளிக்கவும் தனிச்சட்டம் இயற்றியது. இங்கே 2017 இன் விதிகளை வீட்டுக் காமிராவுக்கும் நீட்டிக்கத் தொழிலாளர் துறை முன்வர வேண்டும்.