ஜெயந்தி தர்ம தேஜா

ஜெயந்தி தர்ம தேஜா (இறப்பு: 1985) இந்தியக் கப்பல் தொழிலதிபர் ஆவார். இவர் 1961 ஆம் ஆண்டில் ஜெயந்தி கப்பல் நிறுவனத்தைத் தொடங்கினார். இந்திய அரசின் கப்பல் வளர்ச்சி நிதியிலிருந்து 20.25 கோடி ரூபாய் கடன் பெற்று, சில ஆண்டுகளுக்குள் அதனை நாட்டின் பெரிய கப்பல் நிறுவனங்களுள் ஒன்றாக வளர்த்தார். நிறுவனப் பணத்தைக் கையாடியதாகவும் அந்நியச் செலாவணி விதிகளை மீறியதாகவும் குற்றம் சாட்டப்பட்டு, பல ஆண்டுகள் வெளிநாடுகளில் தங்கியிருந்தார். 1970 இல் இலண்டனில் கைதானார். 1971 இல் இந்தியாவிடம் ஒப்படைக்கப்பட்டார். 1972 இல் தில்லி நீதிமன்றம் இவருக்கு மூன்று ஆண்டுச் சிறைத்தண்டனையும் அபராதமும் விதித்தது. இவர் தொடங்கிய நிறுவனம் அரசுடைமையாகி, 1973 இல் இந்தியக் கப்பல் கழகத்துடன் இணைந்தது.

பெயர்

தேஜா தெலுங்குக் குடும்பத்தைச் சேர்ந்தவர். தெலுங்கு வழக்கப்படி 'ஜெயந்தி' என்னும் குடும்பப் பெயர் முதலில் வருகிறது. நிறுவனத்துக்கும் அப்பெயரே இடப்பட்டது. நாளிதழ்களிலும் நாடாளுமன்ற உரைகளிலும் இவர் பெரும்பாலும் 'தர்ம தேஜா' என்றே குறிப்பிடப்பட்டார்.

பின்னணி

விடுதலை பெற்ற இந்தியாவின் வெளிநாட்டு வணிகச் சரக்குகளுள் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவானவையே 1960 அளவில் இந்தியக் கப்பல்களில் சென்றன. எஞ்சியவற்றை வெளிநாட்டுக் கப்பல்கள் ஏற்றிச் சென்றதால், அவற்றுக்கான கட்டணம் அந்நியச் செலாவணியாக வெளியேறியது. இரண்டாம் ஐந்தாண்டுத் திட்டக் காலத்தில், 1957-58 இல், நாட்டில் கடுமையான செலாவணி நெருக்கடி ஏற்பட்டது. உணவு தானியம், எண்ணெய், இயந்திரங்கள் ஆகியவற்றை இறக்குமதி செய்யவே செலாவணி போதாத நிலையில், சொந்தக் கப்பல்களைப் பெருக்குவது அரசின் கொள்கையானது.

இதற்காக 1958 ஆம் ஆண்டின் வணிகக் கப்பல் சட்டத்தின்கீழ் கப்பல் வளர்ச்சி நிதியும் அதனை நிர்வகிக்க ஒரு குழுவும் ஏற்படுத்தப்பட்டன. கப்பல் வாங்க விரும்பும் இந்திய நிறுவனங்களுக்கு இந்நிதியிலிருந்து சலுகை வட்டியில் நீண்டகாலக் கடன் வழங்கப்பட்டது.

ஜெயந்தி கப்பல் நிறுவனம்

வெளிநாட்டில் வாழ்ந்துவந்த தேஜா 1960 அளவில் இந்தியா வந்து, பிரதமர் ஜவகர்லால் நேருவைச் சந்தித்தார். பெரிய சரக்குக் கப்பல்களைக் கொண்ட ஒரு நிறுவனத்தைத் தொடங்கும் திட்டத்தை முன்வைத்தார். 1961 இல் ஜெயந்தி கப்பல் நிறுவனம் பதிவு செய்யப்பட்டது. தொடக்கத்தில் அதன் செலுத்தப்பட்ட மூலதனம் 200 ரூபாய் மட்டுமே எனக் குறிப்பிடப்படுகிறது. அத்தகைய நிறுவனத்துக்குக் கப்பல் வளர்ச்சி நிதியிலிருந்து 20.25 கோடி ரூபாய் கடன் வழங்கப்பட்டதே பின்னாளில் நாடாளுமன்றத்தில் மிகுதியாக விவாதிக்கப்பட்ட செய்தியாகும்.

நிறுவனத்துக்கான கப்பல்கள் சப்பானின் மிட்சுபிசி நிறுவனத்திடம் வாங்கப்பட்டன. விலையைத் தவணைகளில் செலுத்தும் முறை பின்பற்றப்பட்டது. கப்பல் ஓடி ஈட்டும் கட்டணத்திலிருந்தே கப்பலின் விலையையும் அரசின் கடனையும் அடைக்கலாம் என்பது இம்முறையின் அடிப்படையாகும். சரக்குக் கட்டணங்கள் குறைந்தாலோ, ஈட்டிய பணம் வேறு வழியில் சென்றாலோ, சுமை கடன் கொடுத்தவர்மீதே விழும்.

1962 ஆம் ஆண்டுச் சீனப் போருக்குப் பின் படையிலிருந்து விலகிய லெப்டினன்ட் செனரல் பி. எம். கௌல், இந்நிறுவனத்தின் பிரதிநிதியாகச் சப்பானில் சில காலம் பணியாற்றினார். செல்வாக்குள்ளவர்களுடன் தேஜா கொண்டிருந்த தொடர்புகளுக்கு எடுத்துக்காட்டாக இந்நியமனம் அக்காலத்தில் பேசப்பட்டது.

கட்டுப்பாட்டுச் சட்டங்கள்

அக்காலத்தில் வெளிநாட்டு வணிகம் 1947 ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட இரு சட்டங்களால் ஒழுங்குபடுத்தப்பட்டது. எந்தப் பொருளை ஏற்றுமதி அல்லது இறக்குமதி செய்யலாம் என்பதை இறக்குமதி ஏற்றுமதி (கட்டுப்பாட்டு)ச் சட்டம் வரையறுத்தது. அதனால் வரும் பணத்தை எவ்வாறு கையாளலாம் என்பதை அந்நியச் செலாவணி ஒழுங்குமுறைச் சட்டம் வரையறுத்தது. ஏற்றுமதியாளர் சரக்கின் முழு மதிப்பையும் நாட்டுக்குக் கொண்டுவர வேண்டும். இந்தியாவில் வசிப்பவர் இந்திய ரிசர்வ் வங்கியின் ஒப்புதலின்றி வெளிநாட்டில் பணம் வைத்திருக்கவோ செலுத்தவோ கூடாது.

கப்பல் தொழிலில் இவ்விதிகளைக் கண்காணிப்பது எளிதன்று. கப்பல் நிறுவனம் தன் கட்டணத்தை வெளிநாட்டு நாணயத்தில் பெறுகிறது. எரிபொருள், துறைமுகக் கட்டணம், பழுதுபார்ப்பு, தரகு முதலிய செலவுகளையும் வெளிநாட்டிலேயே செய்கிறது. ஆகவே வரவும் செலவும் இந்திய வங்கிகளைத் தொடாமலேயே நடைபெற இயலும். கப்பல் வாங்கும்போது விற்பவர் தரும் தரகுத் தொகை நிறுவனத்தின் கணக்கில் சேர்கிறதா, அல்லது அதன் உரிமையாளரின் தனிக் கணக்கில் சேர்கிறதா என்பதை ஆவணங்களை ஒப்பிட்டே அறிய முடியும். தேஜாவின் வழக்கில் எழுந்த முதன்மையான கேள்வியும் இத்தகையதே. நிறுவனத்துக்குச் சேரவேண்டிய பணம் வெளிநாட்டில் தனிப்பட்ட முறையில் எடுத்துக்கொள்ளப்பட்டது என்பது அரசுத் தரப்பின் குற்றச்சாட்டாகும்.

அரசு பொறுப்பேற்றல்

1960களின் நடுப்பகுதியில் நிறுவனம் தவணைகளைச் செலுத்த இயலாத நிலையை அடைந்தது. அதன் நடவடிக்கைகளை ஆராயச் சுக்தங்கர் தலைமையில் ஒரு குழு அமைக்கப்பட்டது. 1966 சூன் மாதத்தில் அவசரச் சட்டத்தின் மூலம் நிறுவனத்தின் நிர்வாகத்தை அரசு ஏற்றுக்கொண்டது. அதே ஆண்டில் நாடாளுமன்றம் இதற்கான சட்டத்தை நிறைவேற்றியது. அப்போது வெளிநாட்டில் இருந்த தேஜா இந்தியா திரும்பவில்லை.

அதே 1966 சூன் 6 அன்று இந்திய ரூபாயின் மதிப்புக் குறைக்கப்பட்டது. ஓர் அமெரிக்க டாலரின் மதிப்பு 4.76 ரூபாயிலிருந்து 7.50 ரூபாயாக உயர்ந்தது. வெளிநாட்டு நாணயத்தில் செலுத்த வேண்டிய கடன்களின் ரூபாய் மதிப்பும் இதனால் ஒன்றரை மடங்குக்கு மேலானது. இச்சூழலில் ஜெயந்தி நிறுவனத்தை நடத்தும் பொறுப்பு, பொதுத்துறையைச் சேர்ந்த இந்தியக் கப்பல் கழகத்தின் தலைவர் சி. பி. சிறீவாஸ்தவாவிடம் ஒப்படைக்கப்பட்டது. இவர் பின்னாளில் ஐக்கிய நாடுகளின் பன்னாட்டுக் கடல்சார் அமைப்பின் பொதுச் செயலாளராக 1974 முதல் 1989 வரை பணியாற்றினார்.

கைதும் ஒப்படைப்பும்

தேஜா அமெரிக்காவிலும் பின்னர் நடு அமெரிக்க நாடான கோஸ்ட்டா ரிக்காவிலும் தங்கினார். 1970 இல் இலண்டன் ஈத்ரோ விமான நிலையத்தில் கைது செய்யப்பட்டார். இந்தியா பொதுநலவாய நாடு ஆதலால், தப்பிய குற்றவாளிகள் தொடர்பான 1967 ஆம் ஆண்டின் பிரித்தானியச் சட்டத்தின்கீழ் இவரை ஒப்படைக்குமாறு கோரியது.

கோஸ்ட்டா ரிக்கா அரசு தம்மைப் பொருளாதாரப் பணிக்காக நியமித்திருப்பதாகவும், ஆகவே தமக்குத் தூதுவர்களுக்குரிய சட்டக் காப்பு உண்டு எனவும் தேஜா வாதிட்டார். இங்கிலாந்து உயர் நீதிமன்றம் 1971 இல் இவ்வாதத்தை ஏற்க மறுத்தது. ஒரு நாடு தன் விருப்பப்படி ஒருவரை நியமித்துவிடுவதால் மட்டும் தூதுவர் காப்பு கிடைத்துவிடாது. அவரைப் பெறும் நாடு ஏதேனும் ஒரு வகையில் அந்நியமனத்தை ஏற்றிருக்க வேண்டும் என்பது தீர்ப்பின் சாரமாகும். தூதரகச் சட்டம் பற்றிய நூல்களில் இத்தீர்ப்பு முன்னுதாரணமாக எடுத்துக்காட்டப்படுகிறது.

தண்டனை

1971 இல் இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்ட தேஜா மீது தில்லியில் வழக்கு நடைபெற்றது. 1972 அக்டோபர் 19 அன்று நீதிமன்றம் இவரைக் குற்றவாளி எனத் தீர்த்து, மூன்று ஆண்டுச் சிறைத்தண்டனையும் 14 லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தது. அபராதத் தொகை, அரசு வழங்கிய 20.25 கோடி ரூபாய்க் கடனில் நூற்றில் ஒரு பங்குக்கும் குறைவானதாகும். நிர்வாகம் பறிக்கப்பட்டதற்கும் தீர்ப்புக்கும் இடையே ஆறு ஆண்டுகளுக்கு மேல் கடந்திருந்தன. தண்டனைக் காலத்துக்குப் பின் தேஜா மீண்டும் வெளிநாடு சென்றார். 1985 இல் அமெரிக்காவில் காலமானார்.

நிறுவனத்தின் பிற்கால நிலை

1971 ஆம் ஆண்டின் சட்டம் ஒன்றின் மூலம் ஜெயந்தி நிறுவனத்தின் பங்குகளை அரசு கையகப்படுத்தியது. 1973 சனவரி 1 அன்று அந்நிறுவனம் இந்தியக் கப்பல் கழகத்துடன் இணைக்கப்பட்டது. 1961 அக்டோபர் 2 அன்று இரு அரசு நிறுவனங்களை இணைத்து உருவாக்கப்பட்ட இக்கழகம், சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் இடையே 1985 வரை ஓடிய 'எம். வி. சிதம்பரம்' பயணிகள் கப்பலின் உரிமையாளராகத் தமிழ்நாட்டில் நன்கு அறியப்பட்டது. நிறுவனர் சிறை சென்றபோதும் பொதுப்பணத்தில் வாங்கிய கப்பல்கள் நாட்டின் பயன்பாட்டிலேயே நீடிக்க இவ்விணைப்பு வழிவகுத்தது.

தமிழ்நாட்டுக் கப்பல் நிறுவனங்களுடன் ஒப்பீடு

ஜெயந்தி நிறுவனத்தில் முதலீட்டின் பெரும்பகுதி அரசினுடையது. நிர்வாகமோ தனி ஒருவருடையது. இதற்கு மாறான இரு அமைப்புகளைத் தமிழ்நாட்டின் கப்பல் வரலாற்றில் காணலாம்.

வ. உ. சிதம்பரம் பிள்ளை 1906 இல் தூத்துக்குடியில் தொடங்கிய சுதேசிக் கப்பல் நிறுவனம், 25 ரூபாய் மதிப்புள்ள 40,000 பங்குகள் மூலம் 10 லட்சம் ரூபாய் மூலதனம் திரட்டத் திட்டமிட்டது. அதன் நிறுவனரும் சிறை சென்றார். எனினும் 1908 இல் அவருக்குத் தண்டனை வழங்கப்பட்டது அரச நிந்தனைக் குற்றச்சாட்டின் பேரிலாகும். பணம் தொடர்பான குற்றம் எதுவும் அதில் இல்லை.

மற்றொன்று தமிழ்நாடு அரசு 1974 இல் தொடங்கிய பூம்புகார் கப்பல் கழகம் ஆகும். கிழக்குக் கடற்கரைத் துறைமுகங்களிலிருந்து அனல்மின் நிலையங்களுக்கு நிலக்கரி கொண்டுவருவது இதன் முதன்மைப் பணியாகும். வட சென்னையில் 1970 முதல் 2017 வரை இயங்கிய எண்ணூர் அனல்மின் நிலையமும், 1990களில் தொடங்கப்பட்ட வட சென்னை அனல்மின் நிலையமும் கடல்வழி நிலக்கரியைச் சார்ந்தவை. 2001 இல் திறக்கப்பட்ட எண்ணூர்த் துறைமுகமும் முதலில் நிலக்கரிக்காகவே அமைக்கப்பட்டது. 2014 இல் அது காமராசர் துறைமுகம் எனப் பெயர் மாற்றப்பட்டது. 'தமிழ் அண்ணா', 'தமிழ் பெரியார்', 'தமிழ் காமராஜ்' ஆகிய கப்பல்கள் பூம்புகார் கழகத்துக்குச் சொந்தமாக இருந்தன. இங்கு முதலீடும் நிர்வாகமும் அரசிடமே இருந்ததால், கணக்குகள் சட்டமன்றத்தின் பார்வைக்கு உட்பட்டன.

சட்டங்களில் ஏற்பட்ட மாற்றங்கள்

தேஜா தண்டிக்கப்பட்ட மறு ஆண்டில், 1973 இல், கடுமையான புதிய அந்நியச் செலாவணி ஒழுங்குமுறைச் சட்டம் இயற்றப்பட்டது. 1974 இல் செலாவணிப் பாதுகாப்பு மற்றும் கடத்தல் தடுப்புச் சட்டம், விசாரணையின்றித் தடுப்புக் காவலில் வைக்கும் அதிகாரத்தை அரசுக்கு அளித்தது. கப்பல் வளர்ச்சி நிதிக் குழு 1986 ஆம் ஆண்டுச் சட்டத்தால் கலைக்கப்பட்டது.

பொருளாதாரத் தாராளமயத்துக்குப் பின் நோக்கம் மாறியது. 1992 இல் வெளிநாட்டு வணிக (வளர்ச்சி மற்றும் ஒழுங்குமுறை)ச் சட்டம், 1947 ஆம் ஆண்டின் ஏற்றுமதிக் கட்டுப்பாட்டுச் சட்டத்துக்கு மாற்றாக வந்தது. 2000 சூன் 1 முதல் நடைமுறைக்கு வந்த அந்நியச் செலாவணி மேலாண்மைச் சட்டத்தின்கீழ், செலாவணி விதிமீறல்கள் பெரும்பாலும் அபராதத்துக்குரிய உரிமையியல் தவறுகளாயின. அதே வேளையில், 2005 ஆம் ஆண்டின் பேரழிவு ஆயுதங்கள் தொடர்பான சட்டம், ஆயுதப் பயன்பாட்டுக்கும் உதவக்கூடிய பொருள்கள் மற்றும் தொழில்நுட்பங்களின் ஏற்றுமதியைக் கடுமையாகக் கட்டுப்படுத்தியது. செலாவணியைச் சேமிப்பதற்காகத் தோன்றிய கட்டுப்பாடு, இவ்வாறு பாதுகாப்பை முதன்மையாகக் கொண்ட கட்டுப்பாடாக வளர்ந்தது.

பெருங்கடன் பெற்று வெளிநாடு சென்றுவிடுவோரைச் சட்டத்தின் முன் நிறுத்துவதில் தேஜாவின் வழக்கு காட்டிய தாமதம் பிற்காலத்திலும் தொடர்ந்தது. 1992 இல் இந்தியாவும் ஐக்கிய இராச்சியமும் குற்றவாளிகளை ஒப்படைக்கும் உடன்படிக்கையில் கையெழுத்திட்டன. 2018 இல் இயற்றப்பட்ட தப்பியோடிய பொருளாதாரக் குற்றவாளிகள் சட்டம், 100 கோடி ரூபாய் அல்லது அதற்கு மேற்பட்ட தொகை தொடர்பான வழக்குகளில், வழக்கை எதிர்கொள்ள மறுத்து வெளிநாட்டில் தங்குவோரின் சொத்துகளைப் பறிமுதல் செய்ய வழி செய்கிறது.

இவற்றையும் பார்க்கவும்

இந்தியக் கப்பல் கழகம்
சுதேசிக் கப்பல் நிறுவனம்
பூம்புகார் கப்பல் கழகம்
அந்நியச் செலாவணி மேலாண்மைச் சட்டம், 1999
காமராசர் துறைமுகம்