தருணி சச்தேவ்: பிறந்தநாளன்றே மறைந்த குழந்தை நட்சத்திரம்

ரஸ்னா குளிர்பான விளம்பரத்தின் மூலம் நாடு முழுவதும் அறிமுகமான மும்பைச் சிறுமி தருணி சச்தேவ், 2012-ம் ஆண்டு மே 14-ம் தேதி நேபாளத்தில் நிகழ்ந்த விமான விபத்தில் உயிரிழந்தார். அன்று அவருக்கு 14-வது பிறந்தநாள். விளம்பரங்களில் அவரது முகத்தைப் பல ஆண்டுகளாகப் பார்த்து வந்தவர்களில் பலர், அவரது பெயரை அறிந்துகொண்டது அந்தத் துயரச் செய்தியின் வாயிலாகத்தான்.

விளம்பர உலகில்

1998-ம் ஆண்டு மே 14-ம் தேதி மும்பையில் பிறந்த தருணி, சிறு வயதிலேயே கேமரா முன் நின்றார். நடிகை கரிஷ்மா கபூருடன் அவர் தோன்றிய ரஸ்னா விளம்பரம் பெரும் வரவேற்பைப் பெற்றது. தொடர்ந்து பற்பசை, வங்கி, கைப்பேசிச் சேவை எனப் பல துறை நிறுவனங்களின் விளம்பரங்களில் நடித்து, இந்தியாவின் முன்னணி குழந்தை மாடல்களில் ஒருவரானார். ஒரே விளம்பரம் பல மொழிகளில் ஒளிபரப்பாகும் என்பதால், எந்த மாநிலத்தவருக்கும் அவர் அந்நியராகத் தெரியவில்லை. எனினும், விளம்பரங்களில் நடிப்பவர்களின் பெயர் திரையில் இடம்பெறுவதில்லை. பார்வையாளர்களுக்கு அவர் வெறும் 'ரஸ்னா சிறுமி'யாகவே இருந்தார்.

மலையாளத்தில் தொடக்கம்

மும்பையில் வளர்ந்த தருணிக்குத் திரைப்படத்தில் பெயர் பெற்றுத் தந்தது மலையாளம். இயக்குநர் வினயன் இயக்கத்தில் 2004-ல் வெளியான 'வெள்ளிநட்சத்திரம்' என்ற திகில் படத்தில், நடிகர் பிருத்விராஜுடன் அம்முக்குட்டி என்ற பாத்திரத்தில் நடித்தார். அப்போது அவர் சின்னஞ்சிறுமி. அதே ஆண்டு, அதே இயக்குநரும் நாயகனும் இணைந்த 'சத்யம்' படத்திலும் இடம்பெற்றார். கேரள ரசிகர்கள் அவரை இன்றும் அம்முக்குட்டியாகவே நினைவுகூர்கின்றனர்.

'பா' தந்த அடையாளம்

2009-ம் ஆண்டு டிசம்பரில் ஆர்.பால்கி இயக்கத்தில் வெளியான இந்திப் படம் 'பா'. இளையராஜா இசையமைக்க, பி.சி.ஸ்ரீராம் ஒளிப்பதிவு செய்த இப்படத்தில், முன்கூட்டியே முதுமை தோன்றும் அரிய நோயால் பாதிக்கப்பட்ட ஆரோ என்ற சிறுவனாக அமிதாப் பச்சன் நடித்தார். ஆரோவின் பள்ளியில் படிக்கும் சோமி என்ற சிறுமியாகத் தருணி நடித்தார். அமிதாப் பச்சனுக்கு இப்படம் சிறந்த நடிகருக்கான தேசிய விருதைப் பெற்றுத் தந்தது. தருணியின் திரைவாழ்வில் பரவலாக அறியப்பட்ட படமும் இதுவே.

மலைப்பாதையில் விபத்து

நேபாளத்தின் முக்திநாத் ஆலயம் இந்துக்களுக்கும் பௌத்தர்களுக்கும் புனிதத் தலம். 108 வைணவ திவ்ய தேசங்களுள் ஒன்றான திருச்சாளக்கிராமமாகத் தமிழ் பக்தர்கள் இதைப் போற்றுகின்றனர். அங்கு செல்லும் பயணிகளில் பலர் பொக்ராவிலிருந்து ஜோம்சோம் வரை சிறு விமானத்தில் செல்வது வழக்கம். தருணியும் அவரது தாயாரும் பயணித்த அக்னி ஏர் நிறுவனத்தின் டார்னியர் விமானம், ஜோம்சோமில் தரையிறங்கும் முயற்சியைக் கைவிட்டுத் திரும்பியபோது மலைச்சரிவில் மோதியது. விமானத்தில் இருந்த 21 பேரில் 15 பேர் உயிரிழந்தனர். அவர்களில் 13 பேர் இந்தியர்கள். தருணியின் தாயாரும் உயிரிழந்தார். ஆறு பேர் உயிர் தப்பினர்.

தகவல் வெளியானதும், இந்தச் செய்தி உண்மையாக இருந்துவிடக் கூடாது என்று வேண்டி அமிதாப் பச்சன் ட்விட்டரில் பதிவிட்டார்.

ஆழ்ந்த பள்ளத்தாக்குகளும் பலத்த காற்றும் கொண்ட பொக்ரா - ஜோம்சோம் வழித்தடத்தில் விபத்துகள் அதன் பின்னரும் தொடர்ந்தன. தாரா ஏர் நிறுவனத்தின் விமானங்கள் விபத்துக்குள்ளானதில் 2016 பிப்ரவரியில் 23 பேரும், 2022 மே மாதத்தில் 22 பேரும் உயிரிழந்தனர்.

மறைவுக்குப் பின் வந்த தமிழ்ப் படம்

அஜ்மல், ராதிகா ஆப்தே ஆகியோருடன் தருணி நடித்த 'வெற்றிச்செல்வன்', அவர் மறைந்து இரண்டு ஆண்டுகளுக்குப் பின் 2014-ல் திரைக்கு வந்தது. தமிழ் ரசிகர்கள் அவரைத் தமிழ்ப் படத்தில் கண்டபோது, அவர் உயிருடன் இல்லை.