டோவர் முதல் நார்மண்டி வரை: அட்மிரல் ராம்சேயும் திட்டமிடும் கலையும்

1940 மே 26 முதல் ஜூன் 4 வரை பிரான்சின் டன்கர்க்கிலிருந்து 3,38,226 நேசநாட்டுப் படைவீரர்கள் மீட்கப்பட்டதைச் சிறுபடகுகள் நிகழ்த்திய அற்புதமாகச் சொல்வது வழக்கம். அந்தப் படகோட்டிகளின் துணிவை எவரும் மறுக்க முடியாது. ஆனால் மீட்பை டோவரிலிருந்து நடத்திய துணை அட்மிரல் பெர்ட்ராம் ராம்சேயின் முப்பதாண்டுப் பணியைத் தொடர்ந்து பார்த்தால், அற்புதம் என்ற சொல் போதாது என்பது விளங்கும். பிரிட்டிஷ் கடற்படை போர்த்திட்டத்தைத் தனிக்கல்வியாகக் கற்பிக்கத் தொடங்கிய புதிதில், 1913-இல், அப்பயிற்சியில் சேர்ந்தவர் அவர். தளபதியின் உள்ளுணர்வையே பெரிதாக மதித்த காலம் அது. முதல் உலகப் போரில் 1915 முதல் டோவர் காவல் அணியில் எம்-25 என்ற கப்பலுக்கும், 1917-இல் புரோக் என்ற நாசகாரிக் கப்பலுக்கும் தலைமை தாங்கினார். பெல்ஜியக் கரையின் மணல்திட்டுகளும் நீரோட்டங்களும் அவருக்குப் பழக்கமானது அப்போதுதான்.

இந்தப் பார்வைக்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. டன்கர்க் மீட்புக்குத் திட்டமிடக் கிடைத்தது ஏறத்தாழ ஒரு வாரமே; கடல் அமைதியாக இருந்தது; ஜெர்மானியக் கவசப் படைகள் மே 24-இல் நிறுத்தப்பட்டன. இதில் திட்டத்தின் பங்கு எங்கே? இவை வாய்ப்பைத் தந்தன என்பது உண்மை. அதைப் பயன்படுத்திய விதத்தை எண்களே சொல்கின்றன. மீட்கப்பட்டோரில் ஏறத்தாழ 2,39,000 பேர் துறைமுகம் வழியாக, பெரும்பாலும் அதன் கிழக்கு அலைதடுப்புச் சுவரிலிருந்து கப்பலேறினர். கடற்கரையிலிருந்து வந்தோர் 99,000-க்கும் சற்றுக் குறைவு. அந்தச் சுவரில் கப்பல் அணைக்கலாம் என்று கண்டவர் ராம்சே கரைக்கு அனுப்பிய கேப்டன் டென்னன்ட். குறுகிய வழி காலே பகுதிப் பீரங்கிகளுக்கு இலக்கானபோது, 87 கடல்மைல் நீண்ட மாற்றுவழிக்கும், பின்னர் 55 கடல்மைல் வழிக்கும் கப்பல்கள் திருப்பப்பட்டன. நவீன நாசகாரிகளைத் தலைமையகம் திரும்பப் பெற்றபோது, வாதாடி அவற்றை மீட்டுக்கொண்டவரும் ராம்சேயே.

டன்கர்க்குக்கு முன்பே, 1935-இல், உள்நாட்டுக் கடற்படையின் தலைமைத் தளபதி பேக்ஹவுசிடம் முதன்மைத் துணை அலுவலராகச் சேர்ந்த அவர், சில மாதங்களிலேயே விலகினார். எல்லா வேலையையும் பேக்ஹவுஸ் தாமே செய்ததும், துணை அலுவலர்களுக்குப் பொறுப்புத் தராததும் காரணம். 1938-இல் ஓய்வுப் பட்டியலுக்குப் போனார்; போரையொட்டியே பணிக்குத் திரும்பினார். பொறுப்பைப் பகிர்ந்தளிக்க வேண்டும் என்ற இந்தக் கொள்கைப் பிடிவாதத்துக்கு அவர் கொடுத்த விலை சிறிதன்று. அப்படிப்பட்டவர் 1944-இல் நார்மண்டித் தரையிறக்கத்துக்கு ஆயிரம் பக்கத்துக்கு மேற்பட்ட ஆணைகளைப் பிறப்பித்தது முரணல்லவா? அமெரிக்க அட்மிரல் கிர்க்கே அந்த நுணுக்கத்தைக் குறைகூறினார். ஆனால் ஏறத்தாழ 7,000 கலங்கள், கண்ணிவெடி அகற்றிய பத்துக் கால்வாய்களின் வழியே, இருளில், ஐந்து தரையிறங்கு கரைகளுக்குக் குறித்த நேரத்தில் சேர வேண்டியிருந்தது. ஒவ்வொரு கப்பலின் இடமும் நேரமும் முன்கூட்டி எழுதப்பட்டதால், ஜூன் 6 காலையில் அவர் தலையிட வேண்டிய தேவை குறைந்தது. பேக்ஹவுஸ் பணியைத் தன் கையில் குவித்தார். ராம்சே அதை எழுத்தில் பகிர்ந்தளித்தார். இரண்டையும் ஒன்றாக எண்ணுவது பிழை.

அவர் சொல் கேட்கப்படாதபோது நேர்ந்ததையும் ஆவணங்கள் காட்டுகின்றன. ஆண்ட்வெர்ப் துறைமுகத்தை எதிரி கண்ணிவெடிகளால் எளிதில் அடைத்துவிடலாம் என்று 1944 செப்டம்பர் 3-இல் அவர் எச்சரித்தார். மறுநாள் நகரம் நேசநாடுகளின் கைக்கு வந்தது. ஆனால் துறைமுகத்தைக் கடலோடு இணைக்கும் ஷெல்ட் முகத்துவாரம் ஜெர்மானியரிடமே இருந்தது. முதல் சரக்குக் கப்பல் அணி உள்ளே நுழைந்தது நவம்பர் 28-இல்தான். ஐந்து வாரம் கழித்து, 1945 ஜனவரி 2-இல், பிரிட்டிஷ் தரைப்படைத் தளபதி மான்ட்கோமரியைச் சந்திக்க பிரஸ்ஸெல்ஸ் புறப்பட்ட ராம்சே, பாரிஸ் அருகே விமான விபத்தில் இறந்தார்.