கம்பியில் ஓடிய பஸ்ஸும் நாம் விட்ட பிழையும்



போன கிழமை தரம் 9 பிள்ளைகளிடம் ஒரு கேள்வி கேட்டோம். "கொழும்பு ரோட்டில் முதன்முதல் மின்சாரத்தில் வாகனம் ஓடியது எப்போது?" "இப்ப ரெண்டு மூணு வருஷமாத்தான் சேர்" என்றது ஒரு பிள்ளை. "ஏறக்குறைய 125 வருஷத்துக்கு முந்தி" என்று பலகையில் எழுதினோம். சேர் பகிடி விடுகிறார் என்று வகுப்பே சிரித்தது.

பகிடியல்ல. 19ஆம் நூற்றாண்டு முடிகிற நேரத்தில் பூஸ்டெட் சகோதரர்கள் என்ற கம்பனி கொழும்பில் மின்சார ட்ராம் ஓட்டத் தொடங்கியது. ஒரு பாதை கோட்டையிலிருந்து கிராண்ட்பாஸுக்கு, இன்னொன்று மருதானை வழியாகப் பொரளைக்கு. நாம் தினமும் புகையில் மூக்கைப் பொத்திக்கொண்டு கடக்கும் அதே ரோட்டுகள்தான். 1929இல் ஏ. ஈ. குணசிங்க தலைமையில் ட்ராம் தொழிலாளர் செய்த வேலைநிறுத்தம் நாட்டின் தொழிற்சங்க வரலாற்றில் பெரிய அத்தியாயம். 1944இல் ட்ராம் கொழும்பு மாநகர சபையின் கைக்கு வந்தது.

ஆனால் ஒன்றை மறைக்கக் கூடாது. அன்றைய ட்ராம் புகை கக்கவில்லையே தவிர, அதற்கான மின்சாரம் எரிபொருளை எரித்தே உண்டாக்கப்பட்டது. புகை ரோட்டிலிருந்து மின்நிலையத்துக்கு இடம் மாறியது, அவ்வளவுதான்.

மலையிலிருந்து விழும் தண்ணீரில் மின்சாரம் எடுக்கலாம் என்று பொறியியலாளர் டி. ஜே. விமலசுரேந்திர 1918இலேயே கணக்குப் போட்டுக் காட்டினார். அது நிறைவேற 30 வருஷத்துக்கு மேல் சென்றது. 1950இல் லக்ஷபான நீர்மின் நிலையம் இயங்கத் தொடங்கியது. அவர் காலமான 1953ஆம் ஆண்டிலேயே கொழும்பில் ட்ரொலி பஸ்ஸும் வந்தது. தண்டவாளம் இல்லை, சாதாரண டயர்தான். தலைக்கு மேலே இருக்கும் கம்பியிலிருந்து மின்சாரத்தை எடுத்து ஓடும் பஸ் அது.

இங்கே கொஞ்சம் நின்று யோசியுங்கள். மின்சாரத்தில் ஓடும் பஸ், சாதாரண மக்கள் ஏறும் பஸ், நம் ஆற்றுத் தண்ணீரில் பிறக்கும் மின்சாரம். இந்த மூன்றும் ஒரே நேரத்தில் நம் கையில் இருந்தன. இன்று உலக மாநாடுகளில் கனவாகப் பேசப்படுவது அன்று மருதானையில் மணியடித்துக்கொண்டு போனது.

நாம் என்ன செய்தோம்? 1960இல் ட்ராமை நிறுத்தினோம். 1964இல் ட்ரொலி பஸ்ஸையும் நிறுத்தினோம். அந்தக் காலத்தில் பல நாடுகளில் காற்று அப்படித்தான் வீசியது. லண்டன் நகரமே 1952இல் ட்ராமையும் 1962இல் ட்ரொலி பஸ்ஸையும் கைவிட்டது. எண்ணெய் மலிவு, கார்தான் நாகரிகம், கம்பியோடு கட்டுண்ட வண்டி பழசு என்று எண்ணினார்கள். அவர்களைத் திட்டுவதற்காக எழுதவில்லை. பூமி சூடாவது பற்றி அன்று பொதுமக்கள் யாரும் பேசவில்லை. ஆனால் நமக்கு இன்று தெரியும்.

அதன் விலையை 2022இல் கட்டினோம். எண்ணெய் வாங்க டொலர் இல்லை. ஓட்டோவுக்குக் கிழமைக்கு 5 லீற்றர், மோட்டார் சைக்கிளுக்கு 4 லீற்றர். எண்ணெய் இல்லாமல் பாடசாலையையே மூடினோம். மின்சாரமும் ஒரு நாள் 13 மணித்தியாலம் வெட்டப்பட்டது. அதில் பெரும்பங்கு எண்ணெயையும் நுரைச்சோலையில் எரியும் நிலக்கரியையும் நம்பியிருந்தது. தண்ணீர் குறைந்தால் ஆறும் கைகொடுக்காது என்பதையும் அன்று கண்டோம். வெயிலும் காற்றும் சேர வேண்டும்.

நம்மால் முடியாது என்றும் சொல்ல வேண்டாம். 2002இல் ஈயம் கலந்த பெற்றோலை இந்த நாடு முற்றாக நிறுத்தியது. 2008இல் டூ ஸ்ட்ரோக் ஓட்டோ இறக்குமதியை நிறுத்தி, வாகனப் புகைப் பரிசோதனையையும் தொடங்கியது. முடிவெடுத்தால் நடக்கும்.

இப்போது மின்சாரக் கார்கள் வந்து இறங்குகின்றன. நல்லதுதான். ஆனால் எங்கள் வகுப்பில் யாருடைய வாப்பா அதை வாங்கப் போகிறார்? பிள்ளைகளில் பாதிப்பேர் வருவது டீசல் பஸ்ஸிலும் ஓட்டோவிலும். பணமுள்ளவர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு புகையில்லாத காரில் போக, பஸ் ஹோல்டில் நிற்கும் பிள்ளை கரும்புகையைக் குடித்தால் அது அரைத் தீர்வு. மின்சாரம் முதலில் வரவேண்டியது பஸ்ஸுக்கு. அடுத்த தேர்தலில் வாக்குக் கேட்டு வாசலுக்கு வருபவரிடம் இதை ஒரு கேள்வியாகக் கேளுங்கள்.

கடைசியாக ஒரு வேண்டுகோள். ட்ரொலி பஸ்ஸில் ஏறிய நினைவுள்ள உம்மம்மா, அப்பா யாரும் வீட்டில் இருந்தால் அவர்களிடம் கேட்டு எழுதி அனுப்புங்கள். பழைய டிக்கட்டோ படமோ இருந்தால் இன்னும் நல்லது. சேர் பகிடி விடவில்லை என்று தரம் 9க்குக் காட்ட வேண்டும்.